கொள்ளிச்சட்டிக்குப் போட்டியிட்ட மாப்பிள்ளைகள்

என் தங்கை யசோதரா திருவொற்றியூரில் ஒரு கன்டெய்னர் யார்டில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுகிறாள். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஏனென்றால் எங்கள் சொந்தக்காரர்களில் பாதிப் பேர், அவள் அங்கே ஆபீசில் மின்விசிறிக்குக் கீழே உட்கார்ந்து ஏதோ எழுதுவதாக வெளியில் சொல்லிக்கொண்டிருக்கிறார்கள். அவள் எழுதவில்லை, ஓட்டுகிறாள். டைல்ஸ் பெட்டிகள் அடுக்கிய பலகைக்கு அடியில் இரண்டு இரும்புக் கைகளையும் நுழைத்துத் தூக்கி, கன்டெய்னருக்குள் கொண்டுபோய் இறக்கிவிட்டு, எதன்மேலும் உரசாமல் பின்னால் வருவாள். பார்த்தவர்கள் சொல்வார்கள். நானும் கேட்டுக்கு வெளியே நின்று பார்த்திருக்கிறேன்.

நான் மூத்தவள், ரமாபாய். எங்கள் வீடு எம்.கே.பி. நகரில். அப்பா போன பிறகு அம்மா வீட்டு வேலை செய்து எங்கள் இருவரையும் வளர்த்தாள். அம்மாவிடம் ஓர் ஆயுதம் உண்டு. நினைத்தது நடக்காவிட்டால் சாப்பிட மாட்டாள். சத்தம் போட மாட்டாள், அழ மாட்டாள், தட்டை மட்டும் தள்ளி வைப்பாள். அந்தத் தட்டுக்குப் பயந்துதான் நான் ஒன்பதாவதோடு படிப்பை விட்டுக் கழுத்தை நீட்டினேன். என் வீட்டுக்காரர் நல்லவர். அதனால் அம்மாவுக்குத் தன் ஆயுதத்தின் மேல் நம்பிக்கை கூடிவிட்டது.

யசோதராவுக்கு இருபத்தாறு வயதானபோது அம்மா முறைப்படி இரண்டு வாசல்களில் போய்க் கேட்டாள். முதல் வாசல் புளியந்தோப்பில் எங்கள் அத்தை வீடு. அப்பாவுடன் பிறந்தவள். அவள் மகன் ஜெயவேலுக்குப் பிளக்ஸ் பேனர் அடிக்கும் கடை இருக்கிறது. அத்தை டீ கொடுத்தாள், பதில் கொடுக்கவில்லை. பதில் வேறு ஆள் மூலம் பின்னால் வந்தது. "லாரிக்காரனாட்டம் வண்டி ஓட்ற பொண்ணு எங்களுக்கு இன்னாத்துக்கு?"

இரண்டாவது வாசல் வியாசர்பாடியில் அன்புமணி மாமா வீடு. அம்மாவின் அண்ணன். அவர் மகன் எழிலன் கல்யாண மண்டபங்களில் பவுன்சராக நிற்கிறான். கறுப்புச் சட்டை, கறுப்புக் கண்ணாடி, கையைக் கட்டிக்கொண்டு நிற்பதுதான் வேலை. மாமா "பாக்கலாம்" என்றார். எழிலன் உள்ளறையில்தான் இருந்தான். அவன் செருப்பு வாசலில் கிடந்தது. அவன் வெளியே வரவில்லை.

அதன் பிறகு இரண்டு வீடுகளிலிருந்தும் சத்தமே இல்லை. வருடங்கள் போயின. பிறகு மெட்ரோ ரயில் விம்கோ நகர் வரைக்கும் வந்தது.

ரயிலுக்கும் காதலுக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்கலாம். அம்முசித்தியின் வீடு அந்த ஸ்டேஷனிலிருந்து நடக்கிற தூரத்தில் இருக்கிறது. ரயில் வந்ததும் அங்கே மனை விலை பல மடங்கு ஏறிவிட்டது. சித்தி எங்கள் அம்மாவுக்குத் தங்கை. பிள்ளை இல்லை. சித்தப்பா தீப்பெட்டி கம்பெனியில் வேலை பார்த்து அந்த மனையைச் சித்தி பெயரிலேயே வாங்கினார். அவர் இப்போது இல்லை. அவருக்கு உடன்பிறந்தவர் யாரும் இல்லை. இரண்டு அறை, ஒரு சமையலறை, மேலே மொட்டைமாடி, வாசலில் ஒரு முருங்கை. சித்திக்குச் சிறுநீரகம் கெட்டபோது யசோதராதான் அங்கே போய்த் தங்கி ஆஸ்பத்திரிக்கும் வீட்டுக்குமாக அலைந்தாள். சித்தி உயில் எழுதிப் பதிவும் செய்தாள். வீடு யசோதராவுக்கு. இதில் எந்த ஒளிவும் இல்லை. மீன்காரம்மாவிலிருந்து கேபிள்காரன் வரைக்கும் சித்தியே சொன்னாள்.

அது சொந்தக்காரர்கள் காதிலும் விழுந்தது. உடனே இரண்டு பேருக்கு ஒரே வாரத்தில் காதல் ஞாபகம் வந்தது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை நான் சித்திக்கு இட்லி எடுத்துக்கொண்டு போயிருந்தேன். ஜெயவேல் ஆப்பிளோடு வந்து உட்கார்ந்திருந்தான். பின்னாலேயே எழிலன் ஒரு குலை இளநீரோடு வந்து, உட்காராமல் கதவோரம் கையைக் கட்டிக்கொண்டு நின்றான்.

"ஒடம்பு எப்டி கீது அத்த?" என்றான் ஜெயவேல். கண் மட்டும் கூரையில் இருந்தது.

"என் ஒடம்பு இங்க கீது. நீ மேல இன்னா பாக்குற?" என்றாள் சித்தி.

"இல்ல அத்த, இன்னொரு மாடி எடுத்தா தாங்குமான்னு..."

"நான் போனப்பறம் தாங்கும். ஏன்டி யசோ, அவன் ஏன் அங்க நிக்கிறான்? கல்யாண மண்டபம்னு நெனச்சுக்கினானா?"

எழிலன் கண்ணாடியைக் கழற்றினான். யசோதராவைப் பார்த்தான். பெருமூச்சு விட்டான். திரும்பக் கண்ணாடியை மாட்டிக்கொண்டான். அதுதான் அவனுடைய காதல் கடிதம்.

போட்டிக்கு ஆள் வந்ததும் ஜெயவேலுக்குத் தாங்கவில்லை. "அத்த, நான் ஒன்னு சொல்லணும். சின்ன வயசுலேர்ந்தே யசோ மேல எனக்கு... வெளிய சொல்லல, அவ்ளோதான். மனசுக்குள்ளயே வெச்சிக்கினு கீறேன்."

"நானுந்தான்," என்றது கதவோரம்.

சித்தி படுக்கையில் நிமிர்ந்து உட்கார்ந்தாள். "இன்னாடா இது! ரெண்டு பேரும் இத்தினி வருசமா பேசாத படமா ஓட்டிக்கினு இருந்தீங்க?"

"பத்து வருசமா உள்ளயே வெச்சிருந்தியே மாமா," என்றாள் யசோதரா, ஆப்பிளைக் கழுவிக்கொண்டே. "பூசணம் புடிக்கலியா?"

எனக்கு ஒன்று புரிந்தது. பத்து வருடத்துக்கு முன்னால் அம்மா போய்க் கேட்டபோது அவர்கள் வாயை மூடிக்கொண்டிருந்தார்களே, அந்த மௌனத்துக்குத்தான் இப்போது காதல் என்று பெயர் வைத்திருக்கிறார்கள்.

அதன் பிறகு பேசாத படம் தினசரி ஓடியது. யார்டுக்குள் எஞ்சின் சத்தத்தில் பக்கத்தில் நிற்பவன் கத்தினாலும் கேட்காது. இருவரும் மாறி மாறிக் கேட்டுக்கு வெளியே வந்து நின்று எல்லாவற்றையும் கையாலேயே சொன்னார்கள். ஜெயவேல் நெஞ்சைத் தொடுவான், வானத்தைக் காட்டுவான், சாப்பிட்டாயா என்று வாயருகே விரலைக் குவிப்பான். எழிலன் முண்டா பனியனில் வந்து கையை மடக்கித் தசையைக் காட்டுவான். அதற்கு என்ன அர்த்தம் என்று வாட்ச்மேன்களுக்குள் இரண்டு கட்சி ஆனது. யசோதரா வண்டியிலிருந்தே உள்ளங்கையை நீட்டிக் காட்டுவாள், ரிவர்ஸில் வரும் லாரியை நிறுத்துவது போல. அவர்கள் அதையும் வெட்கம் என்று எடுத்துக்கொண்டார்கள்.

சிரித்துக்கொண்டே இருந்திருக்கலாம். ஆனால் அம்மா இதைப் படமாகப் பார்க்கவில்லை.

"முற மாப்ள ரெண்டு பேரு தானா வந்து நிக்கிறான். இதுக்கு மேல இன்னாடி வேணும் ஒனக்கு?" என்று கேட்டாள்.

"தானா வர்லம்மா. மெட்ரோல வந்தானுங்க," என்றாள் யசோதரா.

"எதுல வந்தா இன்னா? முறன்னா முறதான். அது மாறாது. முறக்காரன் கேக்கும்போது அன்னியத்துல குடுத்தா எங்கப்பன் சாந்தி அடைய மாட்டாரு. ரெண்டுல ஒன்ன நீ சொல்லு. இல்லன்னா நான் சொல்றேன்." தட்டு அன்று சாயங்காலமே தள்ளி வைக்கப்பட்டது. யசோதரா கெஞ்சி, "சித்திக்கு ஒடம்பு சரியாவட்டும், பாக்கலாம்" என்ற பிறகுதான் அம்மா சோற்றில் கை வைத்தாள்.

அன்று பஸ் ஸ்டாப் வரைக்கும் என்னோடு நடந்து வந்தபோது யசோதரா சொன்னாள். "அக்கா, எனக்கு ஆம்பள மேல கோவம் இல்ல. நல்லவனா ஒருத்தன் வந்தா பாத்துக்கலாம். இவனுங்க என்னிய கட்டிக்க வர்ல, வூட்டக் கட்டிக்க வந்துக்கினு கீறானுங்க. நான் வேலைக்குப் போய்ட்டு வந்து, என் வூட்டுக் கதவ நானே தொறக்கணும். அது ஒன்னுதான் ஆச. ஆனா அம்மா பட்டினி கெடந்தா நான் ஒத்துக்குவேன். எனக்கே தெரியும்."

எனக்கும் தெரியும். அவள் எவ்வளவு பெரிய பாரத்தையும் தூக்குவாள். அந்தக் காலித் தட்டைத் தூக்க அவளால் ஆகாது.

இந்த நேரத்தில் வேம்பு மாமா உள்ளே வந்தார். அவர் எங்களுக்கு மாமா இல்லை, தெருவுக்கே மாமா. கோர்ட்டு வாசலில் டைப் அடிப்பவர்களுக்கு டீ வாங்கிக் கொடுத்தே சட்டம் படித்தவர். ஜெயவேல் அவரிடம் தனியாகப் போய்க் கேட்டான். எழிலனும் தனியாகப் போய்க் கேட்டான். இருவருக்கும் அவர் ஒரே தீர்ப்பைச் சொன்னார்.

"நைனா, உயில் கியில்லாம் அப்பால. புள்ள இல்லாத பொம்பளைக்கு மகன் ஸ்தானத்துல நின்னு எவன் கொள்ளி வெக்கிறானோ, அவனுக்கும் சொத்துல பாத்தியத உண்டு. மருமகனா வெச்சா கெடையாது. மகனாத்தான் வெக்கணும். நல்லா கேட்டுக்கோ."

இதை அவர் எந்தச் சட்டப் புத்தகத்திலிருந்து எடுத்தார் என்று யாரும் கேட்கவில்லை. ஜெயவேலின் கணக்கு எளிமையானது. கல்யாணம் நடந்தால் முழு வீடு. நடக்காமல் எழிலனுக்குப் போனாலும் கொள்ளிக்கு ஒரு பங்கு. எழிலனுடைய கணக்கும் அதே. எழிலன் கணக்குப் போட்டான் என்பதே எங்களுக்குப் பின்னால்தான் தெரிந்தது.

சித்தி ஒரு செவ்வாய்க்கிழமை காலையில் போய்விட்டாள். கஞ்சி குடித்தாள், முருங்கையில் உட்கார்ந்த காக்காயைத் திட்டினாள், கண்ணை மூடினாள். நான் அழுததைப் பற்றி இங்கே எழுதப்போவதில்லை.

மதியத்துக்குள் தெரு முனையில் முதல் பேனர் ஏறிவிட்டது. ஜெயவேலுக்குச் சொந்தக் கடை, மெஷின் சும்மா இருக்குமா? கம்ப்யூட்டரில் தாயாரை இழந்தவர்களுக்கென்று தயாராக வைத்திருந்ததை எடுத்துப் பெயரை மட்டும் மாற்றியிருக்கிறான். "பத்து மாதம் சுமந்து எனைப் பெற்றெடுத்த அன்னையே!" என்று பெரிய எழுத்தில் இருந்தது. கீழே, "உன் பிரிவால் வாடும் தலைமகன் ஜெயவேல்." புளியந்தோப்பில் உயிரோடு இருக்கும் அத்தை அதைப் படித்துவிட்டு, "அப்ப நான் யாருடா?" என்று கேட்டாள். "சும்மா இரும்மா, வூட்டு விசயம்," என்று அவள் கையைப் பிடித்து உள்ளே அழைத்துப் போனான்.

எழிலன் விடுவானா? ராயபுரத்தில் வேறு கடையில் சொல்லி, இரண்டு மடங்கு உயரத்தில் ஒன்றைக் கொண்டுவந்து எதிரே கட்டினான். "பாசமிகு ஒரே மகன் எழிலன்." அதில் கறுப்புக் கண்ணாடியோடு அவன் முழு உருவம். சித்தி ஒரு மூலையில், ரேஷன் கார்டில் இருக்கும் அளவில் இருந்தாள். துக்கம் கேட்க வந்தவர்கள் யார் செத்தது என்று ஒரு நிமிடம் குழம்பினார்கள்.

பூ ரதம் வந்து நின்றது, மேளக்காரர்கள் பறையைக் காய்ச்சி அடிக்கத் தொடங்கியிருந்தார்கள். கொள்ளிச்சட்டியை யார் தூக்குவது என்ற பேச்சு வந்தது. ஜெயவேல் சட்டியின் ஒரு பக்கத்தைப் பிடித்தான், எழிலன் மறுபக்கத்தைப் பிடித்தான். சட்டிக்குள் நெருப்பு. இருவர் கையும் சுட்டது. இருவரும் விடவில்லை.

அன்புமணி மாமா நியாயமாகத்தான் பேசினார். "டேய், ரெண்டு பேருக்குமே அவ அத்ததானடா. மருமகன் மொறைலயே ஒருத்தன் தூக்குங்க. பேஜார் பண்ணாதீங்க."

"அதெல்லாம் முடியாது," என்றான் ஜெயவேல். "என்னியத்தான் மகன் மாதிரி பாத்துச்சு. நான் மகனாத்தான் செய்வேன்."

"நான்தான் மகன்," என்றான் எழிலன். அவன் அன்று பேசிய மிக நீளமான வாக்கியம்.

யசோதரா சித்தியின் தலைமாட்டில் உட்கார்ந்திருந்தாள். அழுது முகம் வீங்கியிருந்தது. எழுந்து வெளியே வந்தாள். மேளக்காரர்களைப் பார்த்துக் கையைக் காட்டினாள், பறை நின்றது.

"எல்லாம் கேட்டுக்கங்க," என்றாள். "மருமகனா செய்றதுன்னா இப்பவே சொல்லிடுங்க, யாரும் ஒன்னும் நெனைக்க மாட்டாங்க. மகனாத்தான் செய்றீங்களா?"

"மகனாத்தான்!"

"மொட்ட போட்டு, பதினாறாம் நாள் வரைக்கும் எல்லாம் செய்வீங்களா? அப்பால பேச்சு மாறக் கூடாது."

"இன்னா யசோ, எங்கள நம்ப மாட்டியா?" என்றான் ஜெயவேல் உருக்கமாக. "எங்கம்மா அது."

"எனக்கும்," என்றான் எழிலன்.

"அப்ப ரெண்டு புள்ளைங்களும் சேர்ந்தே தூக்குங்க," என்று சொல்லிவிட்டு யசோதரா உள்ளே போனாள். நான் அவள் முகத்தைப் பார்த்தேன். டைல்ஸ் பலகைக்கு அடியில் ஃபோர்க்கை நுழைக்கும்போது அவளுக்கு அப்படி ஒரு முகம் வரும். எனக்கு அப்போதும் விளங்கவில்லை. நான் துக்கத்தில் இருந்தேன்.

ஊர்வலம் போனதை இன்னும் திருவொற்றியூரில் பேசுகிறார்கள். இருவரும் சேர்ந்து சட்டி தூக்கியது உண்மை. ஆளுக்கொரு சட்டி தூக்கினார்கள் என்று சிலர் சொல்வது தவறு. சுடுகாட்டில் ஒரே நேரத்தில் இருவருக்கும் மொட்டை. எழிலன் கண்ணாடியைக் கழற்ற மறுத்ததால் நாவிதர் காதோரம் சுற்றிச் சுற்றி வந்தார். கொள்ளி வைக்கும்போது ஜெயவேல் "அம்மா" என்று கத்தியது பக்கத்து மேடையில் எரித்துக்கொண்டிருந்தவர்களையும் திரும்பிப் பார்க்க வைத்தது. அடுத்து எழிலன் இன்னும் உரக்கக் கத்தினான்.

பதினாறாம் நாள் காரியத்துக்குச் சித்தி வீட்டு வாசலில் பந்தல் போட்டிருந்தோம். எங்கள் பக்கத்தில், காரியம் முடிந்ததும் தாய்மாமன் வந்து பிள்ளைக்குத் தலையில் உருமா கட்டுவார். சித்தியின் பிள்ளைக்குத் தாய்மாமன் யார்? சித்தியின் அண்ணன், அன்புமணி மாமாதான். ஜெயவேலுக்கு ஒரு புது வேட்டித் துண்டைச் சுற்றிக் கட்டினார். அடுத்து எழிலன் மணையில் குந்தினான். மாமா துண்டைப் பிரித்தவர், கட்டாமல் கையிலேயே வைத்துக்கொண்டு கேட்டார்.

"நான் பெத்த புள்ளைக்கு நானே மாமனாடா?"

"கட்டு," என்றான் எழிலன்.

கட்டினார்.

சாப்பாட்டுக்கு முன்னால், சொந்தம் எல்லாம் கூடியிருக்கும்போதே பேசி முடித்துவிட வேண்டும் என்று அம்மா நடுவில் வந்து உட்கார்ந்தாள். வெற்றிலை பாக்குத் தட்டைக்கூடத் தயாராக வைத்திருந்தாள். யசோதரா இன்று ஒரு பெயரைச் சொல்ல வேண்டும், சொன்னால் இந்தக் கதவு அவளுடையது இல்லை.

"எம் பொண்ணு என் பேச்ச மீற மாட்டா," என்றாள் அம்மா. "நல்லதோ கெட்டதோ முறதான் பெருசு. யசோ, எல்லாரும் கீறப்பவே சொல்லிடு. ஜெயவேலா, எழிலனா?"

இரண்டு உருமாக்களும் ஒரே சமயத்தில் நிமிர்ந்தன.

"சொல்றேன்மா," என்றாள் யசோதரா. "மொதல்ல நீ ஒன்னு சொல்லு. எனக்கு மொற கிறல்லாம் அவ்ளோவா தெரியாது. சித்தி புள்ள எனக்கு இன்னா வேணும்?"

"இதுகூடத் தெரியாம வளந்துகீற. அண்ணன்," என்றாள் அம்மா.

சொல்லி முடித்த பிறகுதான் அவளுக்குத் தான் சொன்னது கேட்டது. இரண்டு மொட்டைத் தலைகளையும், அவற்றின் மேல் தன் அண்ணன் கட்டிய துண்டுகளையும் பார்த்தாள். பந்தலில் யாரோ ஒரு பெண் களுக்கென்று சிரித்தாள்.

ஜெயவேல் எழுந்தான். "அத்த, அது சும்மா ஒரு சடங்குக்கு..."

"அத்தன்னு கூப்டாத!" அம்மா தட்டைத் தூக்கிப் பின்னால் வைத்தாள். "சடங்குக்கா? நெருப்புக்கு முன்னாடி என் தங்கச்சிய அம்மான்னு கூப்ட்ட. பத்து மாசம் சொமந்தான்னு ஊருக்கே பேனரு கட்ன. என் தங்கச்சி புள்ளைக்கு நான் பெரிம்மாடா. எம் பொண்ணு ஒனக்குத் தங்கச்சி. கூடப் பொறந்தவள எவனாவது பொண்ணு கேப்பானா? கலீஜா கீது."

எழிலன் கண்ணாடியைக் கழற்றினான். "அப்பா, நீயாவது சொல்லேன்."

"யாரு அப்பா?" என்றார் அன்புமணி மாமா. "நான் ஒனக்குத் தாய்மாமன். நானே மாமனாடான்னு கேட்டப்ப கட்டுன்ன. கட்டிட்டேன்."

கடைசி நம்பிக்கையாக இருவரும் வேம்பு மாமாவைத் தேடினார்கள். அவர் பந்தி எப்போது என்று பார்த்துக்கொண்டிருந்தார். பங்கு என்ன ஆயிற்று என்று ஜெயவேல் கேட்டான்.

"உயிலு பதிவாகி கீதா?" என்றார் வேம்பு மாமா. "அப்ப ஒன்னியும் பண்ண முடியாது நைனா. இத மொதல்லயே சொல்றதில்ல?"

அம்மாவுக்கு வருத்தம்தான். இல்லை என்று சொல்ல முடியாது. இரண்டு முறை மாப்பிள்ளைகளும் ஒரே நாளில் காலி. ஆனால் அவள் நம்பும் சட்டமே அவளைக் கட்டிப் போட்டுவிட்டது, எதிர்த்துப் பட்டினி கிடக்க ஆள் இல்லை. அன்று பந்தியில் உட்கார்ந்து வடை வாங்கிச் சாப்பிட்டாள். "இனிமே அன்னியத்துலதான் தேடணும்," என்றாள். "தேடும்மா, அவசரம் இல்ல," என்றாள் யசோதரா, அவள் இலையில் இன்னொரு வடையை வைத்து.

அடுத்த மாதம் யசோதரா தன் சாமான்களை எம்.கே.பி. நகரிலிருந்து திருவொற்றியூருக்கு மாற்றினாள். தங்கை வீடு குடி போகும்போது அண்ணன்கள் வராமல் இருந்தால் நன்றாக இருக்குமா? அம்மாவே இருவருக்கும் போன் போட்டு வரச் சொன்னாள். வந்தார்கள். முடி அரை அங்குலம் வளர்ந்திருந்தது. இரும்பு பீரோவை இருவரும் சேர்ந்து தூக்க, யசோதரா முன்னால் நின்று, லெப்ட்ல வா, கொஞ்சம் எறக்கு, நில்லு என்று சொல்லிக்கொண்டிருந்தாள். பக்கத்து வீட்டம்மா எட்டிப் பார்த்து, "யாரும்மா இவுங்க?" என்று கேட்டாள்.

"எங்கண்ணனுங்க," என்றாள் யசோதரா. "ரெண்டு பேருக்கும் என் மேல உயிரு. வெளிய சொல்ல மாட்டானுங்க."

பீரோவை இறக்கியதும் அவர்களுக்கு டீ போட்டுக் கொடுத்தாள். குடித்துவிட்டு ஜெயவேல் கூரையைப் பார்க்காமல் தரையைப் பார்த்தபடி கிளம்பினான். எழிலன் பெருமூச்சு விட்டான், இந்த முறை முதுகு வலியால். அவள் வாசல் வரைக்கும் போய் அனுப்பிவிட்டு உள்ளே வந்து கதவைச் சாத்தினாள். தாழ்ப்பாள் கொஞ்சம் துருப்பிடித்திருந்தது. தேங்காய் எண்ணெய் இருக்கிறதா என்று என்னைக் கேட்டாள்.